பனிக்கண்டமும் படச்சுருளும்

துருவப் பகுதிகளைப் பற்றிய படங்களில் பெரும்பாலானவை அரசு எடுத்தவை, அல்லது அரசின் கப்பலிலும் ஆய்வு நிலையத்திலும் இடம்பெற்று எடுக்கப்பட்டவை. பனிக்கண்டத்துக்குப் போய்வரக் கப்பல், விமானம், எரிபொருள், மருத்துவர், மீட்பு ஏற்பாடு எல்லாம் வேண்டும். தனி ஒரு படக்குழு இவற்றைத் தன் செலவில் திரட்டுவது அரிது. அரசுகளுக்கும் அந்தப் படங்கள் தேவைப்படுகின்றன. ஆராய்ச்சிக்கு ஆகும் செலவை மக்களுக்கு விளக்க வேண்டும். தன் நாட்டவர் அங்கே பணிபுரிவதை உலகுக்குக் காட்ட வேண்டும். நடந்தவற்றைப் பதிந்துவைக்க வேண்டும். இந்தியாவில் அரசின் ஆவணப்படப் பணிக்கு நெடுங்காலம் தலைமையிடமாக இருந்தது மும்பை பெடர் சாலையில் இருந்த ஃபிலிம்ஸ் டிவிஷன்.

ஆனால் துருவத்தில் எது படமாகிறது, எது படமாகாமல் போகிறது என்பது அரசின் விருப்பத்தை மட்டும் பொறுத்ததல்ல. குளிர், ஒளி, கப்பல் திரும்ப வேண்டிய தேதி, சர்வதேச ஒப்பந்தம் ஆகிய நான்கும் அதில் பெரும்பங்கு வகிக்கின்றன. துருவப் படங்களில் கோடைக்காலமே மிகுதியாகத் தெரிவதற்கும், அங்கு நடக்கும் அறிவியலின் பெரும்பகுதி திரைக்கு வராமல் போவதற்கும் காரணம் இவைதான்.

முன்னோடிகள்

துருவத்தில் திரைப்படக் கேமராவை முறையாகப் பயன்படுத்திய முதல் தலைமுறையினர் தனியார் நிதியும் அரசு உதவியும் கலந்த பயணங்களில் சென்றவர்கள். ராபர்ட் ஸ்காட்டின் 1910ஆம் ஆண்டுத் தென்துருவப் பயணத்தில் ஒளிப்பதிவாளர் ஹெர்பர்ட் பான்டிங் இடம்பெற்றார். கப்பல் பனியைப் பிளந்து செல்வதையும், பென்குவின்களையும் சீல்களையும் அவர் படமாக்கினார். அந்தக் காட்சிகள் 1924இல் முழுநீளப் படமாக வெளிவந்தன. அதே காலத்தில் தென்துருவத்தை முதலில் அடைந்த அமுண்ட்சென் குழுவின் படச்சுருள், 2005இல் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.

துருவப் பயணி ஷேக்கிள்டனின் எண்டியூரன்ஸ் கப்பல் 1915இல் பனியில் நசுங்கியபோது அதில் ஃபிராங்க் ஹர்லி என்ற ஒளிப்பதிவாளர் இருந்தார். மூழ்கிக்கொண்டிருந்த கப்பலுக்குள் உறைநீரில் இறங்கி, படச்சுருள்களும் கண்ணாடித் தகடுகளும் இருந்த பெட்டிகளை அவர் மீட்டார். எல்லாவற்றையும் சுமக்க இயலாததால் ஏறத்தாழ 120 தகடுகளை வைத்துக்கொண்டு, சுமார் 400 தகடுகளை உடைத்துப் போட்டார்கள். எஞ்சிய காட்சிகளைக் கொண்டு 1919இல் ‘சவுத்’ என்ற படம் உருவானது.

வடதுருவத்தின் நிலை வேறு. அண்டார்க்டிகாவில் நிலையான குடிகள் இல்லை. ஆர்க்டிக் வட்டாரத்தில் ஏறத்தாழ 40 லட்சம் மக்கள் வாழ்கிறார்கள். கனடாவின் ஹட்சன் விரிகுடாப் பகுதியில் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி எடுத்த ‘நானூக் ஆஃப் தி நார்த்’ (1922) இன்யூட் மக்களின் வாழ்வைக் காட்டியது. அதற்குப் பணம் கொடுத்தது ரெவியோன் ஃப்ரேர் என்ற, விலங்குகளின் மென்மயிர்த்தோல் விற்கும் நிறுவனம். பனிக்குடிலுக்குள் கேமராவுக்குப் போதிய வெளிச்சம் இல்லாததால், ஒரு பக்கம் திறந்த குடிலைப் படத்துக்காகவே கட்டினார்கள். துப்பாக்கி பழக்கத்துக்கு வந்துவிட்ட பிறகும் ஈட்டி வேட்டையே காட்டப்பட்டது. உள்ளதைப் பதிவதற்கும் உள்ளதுபோல் நடிக்கவைப்பதற்கும் இடையிலான எல்லை பற்றிய விவாதம் இந்தப் படத்திலிருந்தே தொடங்குகிறது.

அரசு முன்னின்று எடுத்த துருவப் படங்களுக்குச் சோவியத் ஒன்றியம் நல்ல எடுத்துக்காட்டு. 1934 பிப்ரவரியில் செல்யூஸ்கின் கப்பல் ஆர்க்டிக் கடலில் மூழ்கியதும் அதில் இருந்தவர்கள் மிதக்கும் பனித்திட்டில் முகாமிட்டார்கள். விமானங்கள் வந்து மீட்கும்வரை, ஏறத்தாழ இரண்டு மாதம், ஒளிப்பதிவாளர் அர்காடி ஷாஃப்ரான் முகாம் வாழ்க்கையைப் பதிந்தார். விபத்தில் முடிந்த பயணம் திரையில் வீரவரலாறாக மாறியது.

கனடா 1939இல் தேசியத் திரைப்பட வாரியத்தை நிறுவி, ஜான் கிரியர்சனை அதன் முதல் ஆணையராக நியமித்தது. பனிக்குடில் கட்டும் முறை முதல் இன்யூட் கலைஞர்களின் வாழ்க்கைவரை வடபுலத்தைப் பற்றிப் பல படங்களை அந்த வாரியம் தயாரித்தது. நெடுங்காலம் அவை தெற்கிலிருந்து சென்றவர்களின் பார்வையிலேயே இருந்தன. 2001இல் சகாரியாஸ் குனுக் இயக்கிய ‘அடனார்ஜுவாட்’ முழுக்க இன்யூட் மொழியிலேயே எடுக்கப்பட்டு, கான் விழாவில் முதல் பட இயக்குநருக்கான விருதைப் பெற்றது. அதன் தயாரிப்பில் இதே வாரியமும் பங்கேற்றது.

பெடர் சாலையிலிருந்து மாட்டுங்காவரை

குடிமக்களுக்கு நாட்டைப் பற்றி அறியத்தருவது அரசின் கடமை என்பதும், அதற்கு ஆவணப்படமே ஏற்ற கருவி என்பதும் கிரியர்சனின் கொள்கை. இந்திய ஆவணப்படத் துறையும் அந்தக் கொள்கையின் வழியில் வளர்ந்தது. இரண்டாம் உலகப் போரின்போது பிரிட்டிஷ் அரசு பம்பாயில் நடத்திய செய்திப்பட அமைப்புகள் 1946இல் மூடப்பட்டன. சுதந்திரத்துக்குப் பின் 1948இல் ஃபிலிம்ஸ் டிவிஷன் தொடங்கப்பட்டது.

அதன் படங்கள் மக்களைச் சென்றடையச் சட்டம் வழிசெய்தது. உரிமம் பெற்ற ஒவ்வொரு திரையரங்கும் முதன்மைப் படத்துக்கு முன் அரசு அங்கீகரித்த செய்திப்படத்தையோ ஆவணப்படத்தையோ காட்ட வேண்டியிருந்தது. அதற்கு உச்சவரம்பு 2,000 அடியாக இருந்தது. 35 மில்லிமீட்டர் சுருளில் இது சுமார் 22 நிமிடம். படங்கள் தமிழ் உட்படப் பல மொழிகளில் வர்ணனை சேர்க்கப்பட்டு அனுப்பப்பட்டன. மும்பை மாட்டுங்காவின் அரோரா போன்ற தென்னிந்தியப் படங்களுக்குப் பெயர்பெற்ற அரங்குகளுக்கும் இந்த விதி பொருந்தியது. தாராவியிலிருந்தும் செம்பூரிலிருந்தும் தமிழ்ப் படம் பார்க்க வந்தவர்கள் அணைக்கட்டு, அம்மை ஒழிப்பு, விண்வெளி ஆய்வு பற்றிய துண்டுப் படங்களையும் சேர்த்தே பார்த்தார்கள். இந்தக் கட்டாயம் செல்லும் என்று 1999இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

முதல் இந்திய அண்டார்க்டிகப் பயணம் நடந்த 1981–82 காலத்தில் இந்த ஏற்பாட்டுக்கு இருந்த முக்கியத்துவத்தைத் தொலைக்காட்சியின் அன்றைய நிலை காட்டுகிறது. பம்பாய்க்குத் தொலைக்காட்சி 1972இலும் சென்னைக்கு 1975இலும் வந்தது. தேசிய ஒளிபரப்பும் வண்ண ஒளிபரப்பும் 1982 ஆகஸ்டில்தான் தொடங்கின. அதற்கு முந்திய மாதங்களில் நாட்டின் பெரும்பகுதி மக்கள் அசையும் படமாக எதையும் பார்க்கக் கூடிய இடம் திரையரங்கு ஒன்றே.

இந்தியா பனிக்கண்டத்தை அடைந்த விதம்

தனி இந்தியர்கள் அண்டார்க்டிகா சென்றது முன்பே நடந்தது. 1960இல் கடற்படை வானிலையாளர் ராம் சரண் ஆஸ்திரேலியக் குழுவுடன் சென்றார். தாவர உடலியலாளர் கிரிராஜ் சிங் சிரோஹி அமெரிக்கக் குழுவுடன் சென்று, உயிர்களின் நாள்சுழற்சியைத் தென்துருவத்தில் ஆராய்ந்தார். 1970களின் தொடக்கத்தில் பரம்ஜித் சிங் சேரா சோவியத் குழுவுடன் தங்கிக் குளிர்காலத்தைக் கழித்தார்.

இந்தியாவின் சொந்தப் பயணம் 1981 டிசம்பர் 6 அன்று கோவாவிலிருந்து புறப்பட்டது. கடலியலாளர் எஸ். இசட். காசிம் தலைமையில் 21 பேர், வாடகைக்கு எடுத்த போலார் சர்க்கிள் என்ற நார்வேக் கப்பலில் சென்றார்கள். பயணம் வெளியே அறிவிக்கப்படாமல் நடந்தது. 1982 ஜனவரி 9 அன்று கரையிறங்கிய பிறகே நாடு செய்தியை அறிந்தது. குழு பிப்ரவரி 21 அன்று கோவா திரும்பியது.

1983–84இல் ஹர்ஷ் குப்தா தலைமையில் சென்ற மூன்றாவது குழு, பனி அடுக்கின் மீது தட்சிண கங்கோத்ரி நிலையத்தைக் கட்டியது. இந்திய அண்டார்க்டிகப் பயணத்தில் இடம்பெற்ற முதல் பெண்களான கடலியலாளர் அதிதி பந்தும் நிலவியலாளர் சுதீப்தா சென்குப்தாவும் அந்தக் குழுவில் இருந்தார்கள். 1984இல் 12 பேர் முதன்முறையாக அங்கே குளிர்காலம் முழுவதும் தங்கினார்கள். ஆண்டுதோறும் குவிந்த பனி நிலையத்தை மெல்லப் புதைத்ததால் 1990இல் அது கைவிடப்பட்டது. அதற்குள் ஷிர்மாகர் பாறைவெளியில் மைத்ரி நிலையம் (1989) எழுந்துவிட்டது. லார்ஸ்மன் குன்றுகளில் 134 சரக்குப் பெட்டகங்களை இணைத்துக் கட்டிய பாரதி நிலையம் 2012இல் இயங்கத் தொடங்கியது. வடக்கே, ஆர்க்டிக்கின் ஸ்வால்பார்டு தீவுக்கூட்டத்தில் உள்ள நி-ஆலசுண்டில் ஹிமாத்ரி நிலையம் 2008இல் திறக்கப்பட்டது.

இந்தப் பயணங்கள் செய்திப்படங்களுக்கும் ஆவணப்படங்களுக்கும் பொருளாயின. அவற்றில் கொடி, கப்பல், கட்டுமானம் ஆகியவை முதலிடம் பெறுவதற்குச் சட்டப் பின்னணி ஒன்று உண்டு. 1959ஆம் ஆண்டின் அண்டார்க்டிக ஒப்பந்தப்படி, பின்னர் சேரும் நாடு முடிவெடுக்கும் உரிமை பெற வேண்டுமானால் அங்கே கணிசமான அறிவியல் ஆய்வு நடத்துவதைக் காட்ட வேண்டும். நிலையம் அமைப்பதும் ஆய்வுக்குழு அனுப்புவதும் அதற்கான சான்றுகள் என்று ஒப்பந்தமே கூறுகிறது. இந்தியா 1983 ஆகஸ்டில் ஒப்பந்தத்தில் சேர்ந்து, செப்டம்பரிலேயே அந்த உரிமையைப் பெற்றது. ஒப்பந்த நாடுகளுக்கு அறிக்கைகள் சான்றாக அமைய, உள்நாட்டு மக்களுக்குப் படங்கள் அமைந்தன.

கோடையில் மட்டும் விழித்திருக்கும் கேமரா

அண்டார்க்டிகக் கடலின் பனி செப்டம்பரில் உச்ச அளவுக்கு விரிந்து, பிப்ரவரியில் மிகக் குறுகும். கப்பல்கள் டிசம்பர் முதல் மார்ச் வரைதான் கரையை நெருங்க முடியும். பனி மீண்டும் உறையும் முன் திரும்பாவிட்டால் கப்பல் சிக்கிக்கொள்ளும். கோடைக்குழுவோடு போகும் படக்குழுவுக்குச் சில வாரங்களே கிடைக்கும். அதிலும் புயல் நாட்கள் கழிந்துவிடும். ஹெலிகாப்டர் இருக்கைக்கு முதல் உரிமை அறிவியல் கருவிகளுக்கும் எரிபொருளுக்கும்தான்.

இதனால் திரையில் தெரியும் அண்டார்க்டிகா பெரும்பாலும் சூரியன் மறையாத கோடை அண்டார்க்டிகா. மைத்ரி தெற்கு அட்சம் 70 டிகிரி 46 நிமிடத்தில் உள்ளது. அங்கே மே இறுதி முதல் ஜூலை இறுதிவரை ஏறத்தாழ இரண்டு மாதம் சூரியன் எழுவதில்லை. வானிலைக் கணிப்பு, காந்தப்புல அளவீடு, மின்னாக்கி பராமரிப்பு எல்லாம் அப்போதும் நடக்கின்றன. ஆனால் அதைப் படமெடுக்க வெளியார் யாரும் அங்கில்லை.

குளிர்காலம் திரைக்கு வர வேண்டுமானால் ஒளிப்பதிவாளர் ஓர் ஆண்டுக்கு மேல் அங்கேயே தங்க வேண்டும். எம்பரர் பென்குவின்கள் குளிர்காலத்தில்தான் முட்டையிட்டு அடைகாக்கின்றன. ஆகவே லூக் ஜாக்கேயின் ‘மார்ச் ஆஃப் தி பென்குவின்ஸ்’ (2005) படத்துக்காக இரு ஒளிப்பதிவாளர்கள் பிரெஞ்சு நிலையமான துயுமோன் துர்வீலில் 13 மாதங்கள் தங்கினார்கள். இன்னொரு வழி, அங்கே வேலைக்கு இருப்பவரே படமெடுப்பது. நியூசிலாந்தின் ஆன்டனி பவல் தகவல்தொடர்புப் பணியாளராகப் பல குளிர்காலங்கள் தங்கி, தானே வடிவமைத்த கருவிகளால் ‘அண்டார்க்டிகா: எ இயர் ஆன் ஐஸ்’ (2013) படத்தை எடுத்தார். பாரதி நிலையத்தில் 2016–17இல் 403 நாட்கள் தங்கிய இஸ்ரோவின் மங்கள மணி போன்றவர்களின் அனுபவம், படக்குழுவால் எட்ட முடியாத அந்த நீண்ட காலத்துக்கு உரியது.

ஆர்க்டிக்கிலும் இந்தியப் பணி முதலில் கோடையையே சார்ந்திருந்தது. ஹிமாத்ரியில் குளிர்காலப் பயணங்கள் 2023 டிசம்பரில் தொடங்கின.

குளிர் கருவிகளைத் தாக்கும் விதம்

படச்சுருள் காலத்தில் முதல் சிக்கல் சுருளே. அதன் அடித்தளமான செல்லுலோஸ் அசிடேட் சிறிது ஈரத்தைத் தன்னுள் வைத்திருந்தால்தான் வளைந்துகொடுக்கும். துருவக் காற்று மிக உலர்ந்தது. ஈரம் வற்றிய சுருள் நொறுங்கும். பல்சக்கரத்தில் மாட்டும் ஓரத்துளைகள் கிழியும். உலர் காற்றில் சுருள் வேகமாக உராய்ந்து ஓடும்போது நிலைமின்னேற்றம் சேர்ந்து பொறி தெறிக்கும். அந்தப் பொறியே ஒளியாகச் சுருளில் பதிந்து, மின்னல் கிளைபோன்ற கோடுகளை விட்டுவிடும். படத்தைக் கழுவிப் பார்க்கும்வரை இது தெரியவும் தெரியாது. அதனால் துருவத்தில் சுருளை மெதுவாக ஏற்றி, மெதுவாகச் சுற்றுவது வழக்கமாயிற்று.

இரண்டாவது சிக்கல் மசகு. சாதாரண எண்ணெய் −20 டிகிரிக்குக் கீழே கெட்டியாகி இயந்திரத்தைப் பிடித்துக்கொள்ளும். புறப்படும் முன் கேமராவைப் பிரித்து, பழைய எண்ணெயைத் துடைத்து, குளிர்தாங்கும் மெல்லிய எண்ணெயோ கிராஃபைட் தூளோ இட வேண்டும். மேலும் ஒவ்வோர் உலோகமும் வெவ்வேறு அளவில் சுருங்கும். அலுமினியம் எஃகைவிட ஏறக்குறைய இருமடங்கு சுருங்குவதால், இரண்டும் பொருந்தும் இடத்தில் இடைவெளி மாறி இயக்கம் இறுகும்.

இலக்கமுறைக் கேமராக்கள் இவற்றிலிருந்து தப்பினாலும் பேட்டரியிடம் மாட்டிக்கொள்கின்றன. குளிரில் வேதிவினை மந்தமாகி, லித்தியம் அயன் பேட்டரியின் உள்மின்தடை கூடுகிறது. மின்னூட்டம் மீதம் இருக்கும்போதே கேமரா அணைந்துவிடும். உடல்சூட்டில் வைத்தால் அதே பேட்டரி மீண்டும் வேலை செய்யும். எனவே மாற்றுப் பேட்டரிகளைச் சட்டைக்குள் வைத்துக்கொள்கிறார்கள். திரவப் படிகத் திரைகளும் மந்தமாகிப் படம் இழுபடும்.

குளிர் நன்மை செய்யும் இடமும் ஒன்று உண்டு. வெளிச்சமே இல்லாதபோதும் பட உணரியில் வெப்பத்தால் எலெக்ட்ரான்கள் கிளம்பி, இருண்ட பகுதிகளில் புள்ளிகளாகத் தெரியும். வெப்பநிலை ஏறத்தாழ 6 முதல் 8 டிகிரி குறையும்போதெல்லாம் இந்த இரைச்சல் பாதியாகிறது. விண்மீன்களையும் துருவ ஒளியையும் நீண்ட நேரம் திறந்து எடுக்கும் படங்கள் குளிரில் தெளிவாக அமைவது இதனால்தான்.

வெளியே ஏற்படும் சேதத்தைவிட உள்ளே வரும்போது ஏற்படும் சேதம் பெரிது. −20 டிகிரியில் இருந்த கேமராவை நிலையத்தின் வெதுவெதுப்பான அறைக்குள் கொண்டுவந்தால், குளிர்ந்த பானச் சொம்பின் மேல் வியர்ப்பதுபோல, காற்றின் ஈரம் லென்சுக்குள்ளும் மின்சுற்றின் மேலும் நீராகப் படியும். அதனால் வெளியிலேயே கேமராவைக் காற்றுப்புகாத பையில் கட்டி, உள்ளே வந்து சில மணி நேரம் கழித்தே திறக்கிறார்கள். ஈரம் பையின் வெளிப்புறத்தில் படிந்துவிடும். திடீரென்று ஏதாவது நிகழ்ந்தால் அந்தக் கேமராவை உடனே எடுக்க முடியாது என்பது இதற்குக் கொடுக்கும் விலை.

ஒளியும் ஒலியும்

புதுப்பனி தன்மேல் விழும் ஒளியில் 80 முதல் 90 சதவீதத்தைத் திருப்பி அனுப்புகிறது. ஒளிமானிகளோ காட்சி சராசரியாக 18 சதவீத ஒளியையே திருப்பும் என்ற அனுமானத்தில் அளவிடப்பட்டவை. மானி சொல்வதை அப்படியே நம்பினால் வெண்பனி சாம்பலாகவும், மனித முகம் கருநிழலாகவும் பதியும். ஒளிப்பதிவாளர் மானி காட்டுவதைவிட ஒன்றரை முதல் இரண்டு படி கூடுதலாகத் துவாரத்தைத் திறக்க வேண்டும். கொஞ்சம் மிஞ்சினால் பனியின் மேற்பரப்பு விவரம் முழுதும் அழிந்துபோகும். நிழல்கள் நீலமாகத் தெரிவதற்கு, அங்கே நேர்ச் சூரிய ஒளி இல்லாமல் நீலவானின் ஒளி மட்டும் விழுவது காரணம்.

மேகம் வானத்தைச் சீராக மூடும்போது வெண்மூட்டம் உண்டாகிறது. மேகத்துக்கும் பனிக்கும் இடையே ஒளி பலமுறை எதிரொளித்து எல்லாத் திசையிலிருந்தும் சமமாக வருவதால் நிழலே விழாது. தொடுவானம் மறையும்; காலடியில் உள்ள பள்ளம் கண்ணுக்குத் தெரியாது. அப்போது படப்பிடிப்பும் நடப்பதில்லை, ஹெலிகாப்டரும் பறப்பதில்லை.

ஒலிக்கும் தனி இயல்பு உண்டு. பனித்தரையை ஒட்டிய காற்று மேலுள்ள காற்றைவிடக் குளிர்ந்திருக்கும். ஒலி குளிர்காற்றில் மெதுவாகவும் வெதுவெதுப்பான காற்றில் வேகமாகவும் செல்வதால், மேல்நோக்கிப் போகும் ஒலியலை தரைப்பக்கம் வளைகிறது. காற்று அடங்கிய நாளில் தொலைவில் பேசுவது அருகில் கேட்பதும், மின்னாக்கியின் இரைச்சல் நெடுந்தூரம் வந்து ஒலிப்பதிவைக் கெடுப்பதும் இதன் விளைவு. ஒளியும் இதே அடுக்குகளில் வளைவதால் தொலைவுப் பனிமலைகள் வானில் மிதப்பதுபோன்ற கானல்காட்சி தோன்றும்.

நி-ஆலசுண்டில் வேறொரு கட்டுப்பாடு உள்ளது. விண்ணின் நுண்ணிய ரேடியோ அலைகளை வாங்கும் ஆன்டெனாக்கள் அங்கே இருப்பதால், ஊரைச் சுற்றி வைஃபை, ப்ளூடூத் போன்ற அலைபரப்பிகளை இயக்கக் கூடாது. கம்பியில்லா மைக்குக்கும் டிரோனுக்கும் தனி அனுமதி வேண்டும். வேறிடங்களில் கைவிடப்பட்ட கம்பி மைக் அங்கே இன்னும் வேலைக்கு வருகிறது.

உயிரைக் காட்டுவது

துருவப் படம் என்றதும் பார்வையாளர் எதிர்பார்ப்பது பென்குவின். மைத்ரி கடலோரப் பனி விளிம்பிலிருந்து ஏறத்தாழ 100 கிலோமீட்டர் உள்ளே இருப்பதால் அங்கே பென்குவின் குடியிருப்பு இல்லை. ஸ்குவா பறவைகள் வந்துபோகும். ஷிர்மாகர் பாறைவெளியில் நூற்றுக்கு மேற்பட்ட ஏரிகள் இருக்கின்றன. அவற்றின் அடியில் நீலப்பசும்பாசிகள் பாய்போலப் படர்ந்திருக்கின்றன. பாறை இடுக்குகளில் பாசிச்செடிகளும் கற்பாசிகளும், அவற்றுக்குள் நுண்ணோக்கியில் மட்டும் தெரியும் நீர்க்கரடிகளும் வாழ்கின்றன. குளிரில் உறையாமல் செல்லைக் காக்கும் புரதங்கள், மிகை புற ஊதாக் கதிரைத் தாங்கும் நிறமிகள் என்று உயிரியலாளர்களை ஈர்ப்பவை இவையே. இவற்றைத் திரையில் காட்ட அண்மைக்காட்சி லென்சும் நுண்ணோக்கியும் வேண்டும். கடலை ஒட்டிய பாரதி நிலையத்தின் சுற்றுவட்டாரத்தில் அடிலி பென்குவின்களும் வெடல் சீல்களும் காணக்கிடைக்கின்றன.

எங்கே எடுத்தாலும் விதிகள் ஒன்றே. 1991இல் கையெழுத்தாகி 1998இல் நடைமுறைக்கு வந்த மாட்ரிட் நெறிமுறை, அனுமதியின்றி விலங்குகளுக்கு இடையூறு செய்வதைத் தடுக்கிறது. பென்குவின்களிடமிருந்து குறைந்தது 5 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்பது பார்வையாளர்களுக்கான பொது வழிகாட்டல். வெளியூர் விதைகளும் மண்ணும் நுழையாதிருக்க, காலணி மட்டுமின்றி முக்காலியின் கால்களையும் கேமராப் பையின் மடிப்புகளையும் சுத்தம் செய்ய வேண்டும். இந்தியா 2022இல் இயற்றிய அண்டார்க்டிகச் சட்டம், இந்தியப் பயணக் குழுக்கள் அனுமதி பெறுவதைக் கட்டாயமாக்கியது. படக்குழுக்களும் இதற்குள் அடங்கும்.

கண்ணுக்குத் தெரியாத ஆய்வு

துருவ அறிவியலின் பெரும்பகுதி கண்ணுக்குத் தெரிவதில்லை என்பது இயக்குநர்களுக்கு உள்ள பெரிய சிக்கல். ஓசோன் ஆய்வில் படமாவது பலூன் பறக்கும் கணம் மட்டுமே. ஓசோன் கண்ணுக்குப் புலப்படாமல் உயரத்தில் இருக்கிறது. பனித்தண்டு ஆய்வில் துளைக்கருவி உருளையான பனியை வெளியே எடுப்பது தெரியும். அதற்குள் அடைபட்ட குமிழிகளில் பழங்காலக் காற்று இருப்பது தெரியாது; பனித்தண்டை ஆராய்ந்து முற்காலத் தட்பவெப்பத்தைக் கணிப்பது கோவாவின் தேசியத் துருவ மற்றும் பெருங்கடல் ஆய்வு மையம் போன்ற ஆய்வகங்களில் நடக்கிறது. நிலவியலாளர் கையில் எடுக்கும் கல், கோண்ட்வானாக் கண்டம் பிரியும் முன் கிழக்குத் தொடர்ச்சி மலையோடு அண்டார்க்டிகா ஒட்டியிருந்ததைச் சொல்கிறது. அதை விளக்க நகரும் வரைபடம் தேவை. துருவப் படங்களில் அசைவோவியத்துக்கு இவ்வளவு இடம் இருப்பது இதனால்தான்.

காந்தப்புல ஆய்வு இன்னும் அருவமானது. இதில் மும்பைக்கு நீண்ட வரலாறு உண்டு. கொலாபாவில் 19ஆம் நூற்றாண்டில் தொடங்கிய காந்த அளவீடு, மின்சார டிராம் வந்தால் கெடும் என்பதால் 1904இல் அலிபாக்குக்கு மாறியது. அந்த மரபில் வந்த இந்தியப் புவிக்காந்தவியல் நிறுவனம் நவி மும்பையின் பன்வேலிலிருந்து இயங்கி, மைத்ரியிலும் அளவீடு செய்கிறது. சூரியனிலிருந்து வரும் மின்னேற்றத் துகள்கள் புவியின் காந்தப்புலத்தைக் குலுக்குவதை அந்தக் கருவி ஒரு கோட்டின் ஏற்ற இறக்கமாக மட்டுமே காட்டும். அதே துகள்கள் வளிமண்டல ஆக்சிஜனைத் தூண்டினால், 557.7 நானோமீட்டரில் பச்சையும், இன்னும் உயரத்தில் 630 நானோமீட்டரில் சிவப்பும் ஒளிரும். துருவ ஒளி இவ்வாறு அழகான காட்சியாகவும் அளவிடத்தக்க தரவாகவும் ஒருசேர இருக்கிறது. வானம் முழுவதையும் ஒரே சட்டகத்தில் அடக்கும் கேமராக்களைத் துருவ நிலையங்கள் 1957–58ஆம் ஆண்டின் பன்னாட்டுப் புவியியற்பியல் ஆண்டிலிருந்தே இதற்குப் பயன்படுத்துகின்றன.

படமே தரவாகும்போது

விளம்பரத்துக்காகவோ உரிமை கோருவதற்காகவோ எடுத்த படங்கள் பிற்காலத்தில் ஆய்வுக்குப் பயன்பட்டிருக்கின்றன. மைத்ரி நிற்கும் ஷிர்மாகர் பாறைவெளி, 1938–39இல் நாஜி ஜெர்மனி அனுப்பிய பயணத்தின் விமானப் படப்பிடிப்பில் கண்டறியப்பட்டது. அந்த விமானிகளில் ஒருவரின் பெயரையே அது தாங்கியுள்ளது. 1937இல் நார்வேயின் லார்ஸ் கிறிஸ்டென்சன் பயணம் கிழக்கு அண்டார்க்டிகக் கரையை விமானத்திலிருந்து படமெடுத்தது. கோபன்ஹேகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அந்தப் படங்களைச் செயற்கைக்கோள் படங்களோடு ஒப்பிட்டு, அப்பகுதிப் பனியாறுகள் பலவும் பல பத்தாண்டுகளாகப் பெரிதும் மாறாமல் இருந்ததை 2024இல் வெளியிட்டார்கள். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையும் ஷிர்மாகரில் உள்ள தட்சிண கங்கோத்ரி பனியாற்றின் முனையை 1983 முதல் அளந்துவருகிறது. இத்தகைய ஒப்பீட்டுக்குப் பழைய படம் எடுக்கப்பட்ட இடமும் தேதியும் கோணமும் தெரிந்திருக்க வேண்டும். குறிப்பில்லாத படச்சுருளுக்கு அறிவியல் மதிப்பு மிகக் குறைவு.

ஆகவே படச்சுருளைப் பாதுகாப்பதும் துருவ ஆய்வோடு தொடர்புடையதே. வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் செல்லுலோஸ் அசிடேட் சிதைந்து அசிடிக் அமிலத்தை வெளிவிடும். அந்த அமிலமே சிதைவை மேலும் விரைவாக்கும். புளிக்காடி வாடை வீசும் இந்தச் சுருள்கள் சுருங்கி வளைந்து, இறுதியில் ஓட்ட முடியாதவையாகின்றன. புதிய சுருள்கூட 21 டிகிரி வெப்பத்திலும் 50 சதவீத ஈரப்பதத்திலும் ஏறத்தாழ 40, 50 ஆண்டுகளில் இந்நிலையை எட்டத் தொடங்கும். மும்பையின் இயல்பான வெப்பமும் பருவமழை ஈரமும் இதைவிட அதிகம். வண்ணச் சுருளில் நீலப்பச்சைச் சாயம் முதலில் மங்குவதால், வெண்பனியே இளஞ்சிவப்பாகத் தெரியும். இதற்கு மருந்து குளிர்ந்த உலர்ந்த கிடங்கும், காலத்தே செய்யும் இலக்கமுறைப் பிரதியும்தான்.

ஃபிலிம்ஸ் டிவிஷன் 2022இல் தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகத்துடன் இணைக்கப்பட்டது. 1964 முதல் புனேயில் இயங்கும் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகமும் அதே குடையின் கீழ் வந்துள்ளது. பெடர் சாலை வளாகத்தில் 2019 முதல் இந்தியத் திரைப்பட தேசிய அருங்காட்சியகம் செயல்படுகிறது. திரையரங்கில் கட்டாயமாகக் காட்டும் காலம் முடிந்து, துருவ ஆய்வு பற்றிய இந்தியப் படங்கள் தொலைக்காட்சிக்கும் இணையத்துக்கும் இடம்பெயர்ந்துவிட்டன. கேமரா கைப்பேசிக்குள் வந்துவிட்டதால் குளிர்காலத்தில் தங்கும் பணியாளர்களே இப்போது அதிகம் படமெடுக்கிறார்கள். கோடைக்கு வெளியே உள்ள அண்டார்க்டிகா மக்களின் பார்வைக்கு வருவது பெரும்பாலும் அவர்கள் வழியாகத்தான். அந்தப் பதிவுகளை இடமும் தேதியும் குறித்துச் சேகரித்தால், பிற்காலத்தில் அவையும் பனியின் மாற்றத்தை அளக்கும் தரவாகும்.